சுட்டி சென்ற தூரம்

மட்டக்களப்பு நகரிலிருந்து திருகோணமலை நோக்கிச் செல்லும் பெருந்தெருவிலே ஏறத்தாழ அறுபது கிலோமீற்றர் வடக்கே சென்றால் வாகரை என்னும் ஊரை அடையலாம். கிழக்கே வங்கக்கடல், மேற்கே களப்பும் காடும். காயங்கேணி, மாங்கேணி, பனிச்சங்கேணி எனக் கேணியின் பெயர் தாங்கிய ஊர்கள் வழியிலே ஒன்றன்பின் ஒன்றாய் வரும். மீன்பிடியும் சேனைப் பயிர்ச்செய்கையும் காட்டிலே தேன் எடுத்தலும் அப்பகுதி மக்களின் பழந்தொழில்கள். கரையோர வேடர் என ஆராய்ச்சியாளர் குறித்த மக்களின் வழிவந்தோரும் அங்கே வாழ்கின்றனர்.

அந்த வாகரையிலே ஓர் அலுவலகத்தில் இலிகிதர் ஒருவர் கணினியின் முன்னே அமர்ந்து வேலை செய்கிறார் என்று வைத்துக்கொள்வோம். அவருடைய வலக்கையின் கீழே உள்ளங்கைக்குள் அடங்கும் ஒரு சிறு கருவி இருக்கிறது. ஆங்கிலத்தில் அதற்கு எலி என்னும் பொருள்படப் பெயர் வைத்தார்கள்; தமிழிலே நாம் சுட்டி என்கிறோம். மேசைமீது ஒரு சாண் இடத்துக்குள்ளே அது அங்குமிங்கும் அசைகிறது. காலை முதல் மாலை வரை அது எவ்வளவு தூரம் செல்கிறது? ஓர் ஆண்டிலே அது சென்ற தூரத்தையெல்லாம் சேர்த்துத் தெருவிலே நீட்டிவைத்தால் எந்த ஊர் வரை போகும்?

நேயர்களே, இக்கேள்வி சிறுபிள்ளை விளையாட்டுப் போலத் தோன்றலாம். ஆயினும் இதற்கு விடை தேடப் புகுந்தால், மனிதன் தூரத்தை அளந்த வரலாற்றின் ஊடாகவே நடக்க வேண்டியிருக்கிறது. அந்த வரலாற்றின் கடைசியில் நிற்கும் கருவிகளுள் ஒன்றுதான் இந்தச் சுட்டி. அதனை முதலிலே காண்போம்.

நம் முன்னோர் தூரத்தைத் தம் உடலாலும் பொழுதாலும் அளந்தார்கள். கையை விரித்தால் சாண். முழங்கையை நீட்டினால் முழம். ஒருவர் குரல் எட்டும் வரை கூப்பிடு தூரம். ஒரு நாழிகையிலே நடந்து முடிக்கும் வழி நாழிகை வழி. நெடுவழிகளுக்குக் காதம். இவற்றிலே நடப்பவனும் நடையும் அளவுக்குள்ளேயே அடங்கியிருந்தன. இளைஞனுடைய நாழிகை வழி முதியவனுக்குச் சற்று நீண்டிருக்கும். மழைக்காலத்திலே எல்லாருக்கும் நீண்டிருக்கும். அலெக்சாந்தரின் படையோடு அடிகளை எண்ணி நடந்து வழியை அளப்பதற்கென்றே பயிற்சி பெற்ற ஆட்கள் சென்றனர் என்பது வரலாறு. அவர்களுடைய கருவியும் காலே.

பின்னர்ச் சில்லு வந்தது. சில்லு களைப்பதில்லை, ஒவ்வொரு சுற்றுக்கும் ஒரே தூரம் செல்கிறது. ஆகவே சுற்றுகளை எண்ணினால் தூரம் தானே வரும். கிறித்துவுக்கு முன் முதலாம் நூற்றாண்டிலே வாழ்ந்த வித்ருவியஸ் என்னும் உரோமக் கட்டடக் கலைஞர் இத்தகைய வண்டி ஒன்றை விளக்கியிருக்கிறார். அதன் சில்லு ஒருமுறை சுழன்றால் பன்னிரண்டரை அடி. நானூறு முறை சுழன்றால் 5,000 அடி. அதுவே உரோமரின் ஒரு மைல். அப்பொழுது பற்சில்லுகள் ஒன்றையொன்று தள்ளி, ஒரு சிறு கல்லை வெண்கலப் பாத்திரத்திலே விழச் செய்யும். பயணம் முடிந்தபின் கற்களை எண்ணினால் போதும். சீனரும் இதுபோன்ற வண்டி செய்தனர். அங்கே ஒவ்வொரு லீ தூரத்துக்கும் ஒரு மரப்பொம்மை முரசு கொட்டும்.

நம் நாட்டிலே 1800 ஆம் ஆண்டு ஆகத்து மாதம் 2 ஆம் நாள், பிரெடரிக் நோர்த் தேசாதிபதியாய் இருந்த காலத்திலே, நில அளவைத் திணைக்களம் நிறுவப்பட்டது. இரண்டு ஆண்டுகளுக்குப் பின், 1802 இல், வில்லியம் லாம்ப்டன் சென்னைப் பரங்கிமலையருகே ஏழரை மைல் நீளமான அடிக்கோடு ஒன்றைச் சங்கிலியால் அளந்து, இந்தியாவின் பெரு முக்கோண அளவைக்குக் கால்கோள் செய்தார். வழக்கமான நில அளவையிலே பயன்பட்ட சங்கிலி 66 அடி நீளமுடையது; எண்பது சங்கிலி சேர்ந்தால் ஒரு மைல். தெருக்களை விரைந்து அளக்க வேண்டிய இடங்களிலே, பிடியோடு கூடிய ஒற்றைச் சில்லை உருட்டிக்கொண்டு நடந்தனர்.

அளந்த தெருக்களின் ஓரத்தில் மைலுக்கு ஓர் அடையாளம் நாட்டினார்கள். அதனைக் கட்டை என்றனர் நம்மவர். நாளடைவிலே மைலுக்கே கட்டை என்பது பெயராயிற்று. ‘சந்தைக்கு ஐந்து கட்டை’ என்றால் ஐந்து மைல். அளவுமுறை மாறி, மைற்கற்களின் இடத்திலே கிலோமீற்றர்க் கற்கள் நின்ற பின்பும், முதியவர்கள் வாயிலே கட்டை நிலைத்திருக்கிறது.

ஆனால் வாகரைத் தெருவுக்குக் கட்டைக் கணக்கு மட்டும் போதவில்லை. வாகரையிலிருந்து வடக்கே திருகோணமலை செல்வோர் வெருகல், இறால்குழி, கங்கை, உப்பாறு, கிண்ணியா ஆகிய துறைகளைக் கடக்கவேண்டும். ஒவ்வொரு துறையிலும் வண்டியும் மனிதரும் ஏறிக் கடக்க ஒரு மிதவை இருந்தது. கிழக்கிலங்கையிலே அந்த மிதவைக்குப் பாதை என்றே பெயர். பாதை அக்கரையில் நின்றால் இக்கரையிலே காத்திருத்தல் வேண்டும். சில நூறு அடி அகலமுள்ள நீர், சில மைல் நீளமுள்ள தெருவை விடக் கூடுதலான பொழுதைத் தின்றது. 2009 இல் கிண்ணியாப் பாலம் திறக்கப்பட்டது. அடுத்த சில ஆண்டுகளுக்குள் மற்றைத் துறைகளிலும் பாலங்கள் எழுந்தன. தெருவின் நீளம் பெரிதும் மாறவில்லை. பயணமோ பெரிதும் சுருங்கிற்று. அளவுகோல் காட்டும் தூரம் ஒன்று. கடப்பவன் உணரும் தூரம் வேறொன்று. இதனை மனத்திலே இருத்திக்கொண்டு சுட்டியிடம் திரும்புவோம்.

தெருவை அளந்த சில்லு மேசைமீது ஏறியது 19 ஆம் நூற்றாண்டிலே. சுவிற்சர்லாந்தைச் சேர்ந்த யாக்கோப் அம்ஸ்லர் என்னும் கணித அறிஞர் 1854 இல் பரப்பளவுமானி ஒன்றை அமைத்தார். நிலப்படத்திலே ஒரு குளத்தின் எல்லைக்கோட்டை அதன் முனையால் ஒருமுறை சுற்றி வந்தால், குளத்தின் பரப்பு எவ்வளவு என்பதை அது காட்டும். இதன் உயிர்நிலை ஒரு சிறு சில்லு. அது தன் முகம் நோக்கும் திசையிலே செல்லும்போது உருளும். பக்கவாட்டிலே இழுத்தால் உருளாமல் வழுக்கும். ஆகவே, கை எந்தப் பக்கம் அசைந்தாலும் அவ்வசைவிலே தனக்குரிய திசைப் பங்கை மட்டும் அச்சில்லு எண்ணிக்கொள்ளும்.

இந்தச் சில்லைக் கணினிக்குக் கொண்டுவந்தவர் அமெரிக்கரான டக்ளஸ் எங்கல்பார்ட். 1925 இல் பிறந்த அவர், இரண்டாம் உலகப்போரின் இறுதியிலே கடற்படையின் ராடார்த் தொழில்நுட்பவியலாளராய்ப் பிலிப்பைன் தீவுகளுக்கு அனுப்பப்பட்டார். லெய்ட்டி என்னும் தீவிலே, மரக்கால்களின் மீது எழுப்பிய குடிசை ஒன்றிலே செஞ்சிலுவைச் சங்கத்தின் வாசிகசாலை இருந்தது. அங்கே வன்னேவர் புஷ் என்னும் அறிஞர் 1945 இல் எழுதிய கட்டுரை ஒன்றை அவர் படித்தார். பெருகிவரும் அறிவுச் செல்வத்திலே வேண்டியதை வேண்டியபோது எடுக்க மனிதனுக்குக் கருவி வேண்டும் என்பது அக்கட்டுரையின் கருத்து. தென்னைகள் சூழ்ந்த தீவொன்றின் குடிசையிலே விழுந்த அவ்வித்து, பல ஆண்டுகளுக்குப் பின்னர் முளைத்தது.

1960 களின் தொடக்கத்திலே எங்கல்பார்ட் கலிபோர்னியாவில் உள்ள ஸ்டான்போர்ட் ஆராய்ச்சி நிறுவனத்திலே பணிபுரிந்தார். கணினித் திரையில் ஓர் இடத்தைக் காட்டுவது எவ்வாறு என்பது அவர் முன் நின்ற சிக்கல். ஒரு கூட்டத்திலே அமர்ந்திருந்தபோது பரப்பளவுமானியின் சில்லு அவர் நினைவுக்கு வந்ததாம். ஒரு சில்லை நெடுக்காகவும் மற்றொன்றைக் குறுக்காகவும் வைத்தால், கையின் எந்த அசைவையும் இரண்டு எண்களாகப் பிரித்துவிடலாம் அன்றோ? அவருடைய உடன்பணியாளரான பில் இங்கிலிஷ் என்னும் பொறியியலாளர் 1964 இல் அதனைச் செய்து முடித்தார். மரத்தாலான சிறு பெட்டி. அடியிலே ஒன்றுக்கொன்று செங்குத்தாய் இரண்டு சில்லுகள். மேலே ஒரு பொத்தான். வால் போல ஒரு மின்வடம். அந்த வாலினாலேயே எலி என்ற பெயர் ஒட்டிக்கொண்டது.

ஒளிப்பேனா, பிடிகோல், முழங்காலால் அசைக்கும் கருவி என வேறு பலவற்றோடும் அதனை ஒப்பிட்டுச் சோதித்தார்கள். பழகியவர் கையிலே சுட்டியே பிழை குறைந்ததாய் இருந்தது. 1968 ஆம் ஆண்டு டிசெம்பர் 9 ஆம் நாள் சான் பிரான்சிஸ்கோ நகரிலே, ஏறத்தாழ ஆயிரம் பேர் கொண்ட அவையின் முன்னே எங்கல்பார்ட் அதனை இயக்கிக் காட்டினார். அவர் கையிலே சுட்டி; அது கட்டளையிட்ட கணினியோ ஏறக்குறைய முப்பது மைல் தொலைவிலிருந்த ஆய்வுகூடத்திலே. மேசைமீது சில அங்குலம் அசைந்த கை முப்பது மைலுக்கு அப்பால் வேலை செய்ததை அவையினர் கண்டனர்.

உரிமைப் பத்திரம் 1970 ஆம் ஆண்டு நவெம்பர் 17 ஆம் நாள் வழங்கப்பட்டது. அதன் பயன் நிறுவனத்துக்கே உரியதாகையால், எங்கல்பார்ட் சுட்டிகளின் விற்பனையிலே பங்கு எதுவும் பெறவில்லை. உலகெங்கும் அது பரவிய காலத்திலே, 1987 இல், உரிமையும் முடிந்துபோயிற்று. அவர் 2013 இல் மறைந்தார்.

சுட்டியின் உடல் பிற்காலத்திலே மாறிற்று. சில்லுகளுக்குப் பதிலாக உருண்டை வந்தது. கனடாக் கடற்படைக்காக 1952 அளவிலே செய்த கருவியொன்றிலே பந்துருட்டு விளையாட்டுக்குரிய பந்தையே வைத்துக் கையால் உருட்டினர். செருமனியிலே டெலிபுங்கன் நிறுவனம் 1968 இல் உருண்டையை அடியிலே கொண்ட சுட்டியை வெளியிட்டது. அமெரிக்காவிலே செரொக்ஸ் நிறுவனத்தின் ஆய்வுகூடம் 1973 இல் ஆல்ட்டோ என்னும் கணினியோடு சுட்டியை இணைத்தது; ஆப்பிள் நிறுவனத்தின் மெக்கின்டோஷ் 1984 இல் அதனை வீடுகளுக்குக் கொண்டுசென்றது. 1999 முதல் ஒளியால் இயங்கும் சுட்டிகள் பெருகின. இவற்றிலே உருள்வது எதுவுமில்லை. அடியிலுள்ள நுண்ணிய ஒளிப்படக்கருவி விநாடிக்கு ஆயிரத்துக்கு மேற்பட்ட படங்களை எடுத்து, ஒரு படத்துக்கும் அடுத்த படத்துக்கும் இடையே மேசை எவ்வளவு நகர்ந்தது என்று பார்க்கிறது.

ஆயினும் செய்யும் வேலை பழைய வேலையே. சிறு சிறு அடிகளாய் எண்ணுவதுதான் அது. இந்த அடிக்கு மிக்கி என்று ஒரு பெயரும் உண்டு. கேலிச்சித்திர எலியின் பெயரால் வைத்தது. உரோமரின் வண்டிக்கும் இதற்கும் உள்ள வேறுபாடு ஒன்றே. அந்த வண்டி எண்ணியதைப் பாத்திரத்திலே சேர்த்து வைத்தது. சுட்டி எண்ணியதைக் கணினியிடம் சொல்லிவிட்டு அந்தக் கணமே மறந்துவிடுகிறது. முன் நின்ற இடத்திலிருந்து இப்போது எவ்வளவு விலகினோம் என்பது மட்டுமே அதற்கு வேண்டும். ஆகையால்தான் அதனைத் தூக்கி வேறோரிடத்தில் வைத்தாலும் திரையிலே ஒன்றும் மாறுவதில்லை. மொத்தம் எவ்வளவு தூரம் என்பதை அறிய வேண்டுமானால் நாமே கூட்டிக்கொள்ளவேண்டும். 1990 களிலே இவ்வாறு கூட்டிச் சொல்லும் சிறு நிரல்களைச் சிலர் எழுதி விளையாட்டாகப் பரப்பியதும் உண்டு.

நாமும் கூட்டிப் பார்ப்போம். வாகரை இலிகிதர் நாளொன்றுக்கு ஆறு மணி நேரம் கணினியிலே வேலை செய்கிறார். பத்து விநாடிக்கு ஒருமுறை சுட்டியை அசைக்கிறார். ஒவ்வோர் அசைவும் பத்துச் சென்ரிமீற்றர் என்று கொள்வோம். இவை கணக்குக்காக நாம் வைத்துக்கொண்ட எண்கள்; ஆளுக்கு ஆள், வேலைக்கு வேலை வேறுபடும். மணிக்கு 360 அசைவு. நாளுக்கு 2,160 அசைவு. ஆகவே 216 மீற்றர். ஆண்டுக்கு 240 வேலை நாள் என்றால் 51,840 மீற்றர். ஏறத்தாழ 52 கிலோமீற்றர். வாகரையிலே புறப்பட்ட சுட்டி, பனிச்சங்கேணி கடந்து, ஓட்டமாவடி கடந்து, கிழக்குப் பல்கலைக்கழகம் அமைந்த வந்தாறுமூலையையும் அணுகி, ஏறாவூருக்கு அண்மையிலே எங்கோ ஆண்டு முடிவில் நிற்கும். பேருந்து இரண்டொரு மணி நேரத்திலே செல்லும் மட்டக்களப்பு நகரை அது ஓராண்டில் எட்டிப்பிடிக்கவில்லை.

ஆனால் திரையிலே ஓடும் அம்புக்குறியின் தூரத்தைக் கணக்கிட்டால் விடை வேறாகும். திரையின் அகலம் 1,920 புள்ளி என்றும், அங்குலத்துக்கு 96 புள்ளி என்றும் கொண்டால், அதன் அகலம் இருபது அங்குலம். அதாவது ஏறத்தாழ 51 சென்ரிமீற்றர். அங்குலத்துக்கு 800 அடி எண்ணும் சுட்டி, ஓர் அடிக்கு ஒரு புள்ளி வீதம் அவ்வளவு தூரத்தையும் கடக்க 2.4 அங்குலம் அசைந்தால் போதும். அது 6 சென்ரிமீற்றர். கை ஒரு பங்கு செல்ல, அம்புக்குறி எட்டுப் பங்குக்கு மேல் செல்கிறது. ஆண்டுக் கணக்கிலே அது 432 கிலோமீற்றர் ஆகும். இலங்கைத் தீவின் வடமுனைக்கும் தென்முனைக்கும் இடையிலுள்ள தூரமும் ஏறத்தாழ அவ்வளவே! எண்கள் இப்படிப் பொருந்தியது தற்செயல். ஆயினும் ஒரே கை, ஒரே வேலை, ஒரே ஆண்டு. கையைக் கேட்டால் ஏறாவூர், திரையைக் கேட்டால் நாடு முழுவதும். எதனைத் தூரம் என்பது?

இவ்வகைத் தூரம் நமக்குப் புதியதும் அன்று. மட்டக்களப்பின் தென்கரையிலே மருதமுனை நெசவுக்குப் பேர்போன ஊர். அங்கே கைத்தறியின் முன்னே அமர்ந்திருக்கும் நெசவாளியின் நாடா, ஒரு பாகத்திலிருந்து மறுபாகத்துக்கு ஓடி ஊடுநூலை இட்டு மீள்கிறது. துணியின் அகலம் 1.2 மீற்றர், ஒரு சென்ரிமீற்றரில் இருபது ஊடுநூல் என்று கொள்வோம். ஒரு மீற்றர் துணிக்கு நாடா 2,000 முறை ஓடவேண்டும், அது 2.4 கிலோமீற்றர். ஐந்தரை மீற்றர்ச் சேலை நெய்து முடியும்போது நாடா பதின்மூன்று கிலோமீற்றர் சென்றிருக்கும். நெசவாளி தறியை விட்டு எழுந்திருக்கவில்லை. இங்கே சென்ற தூரம் வீணாகவில்லை. நூலாய்த் துணியிலே கிடக்கிறது. சுட்டி சென்ற தூரம் எங்கே கிடக்கிறது என்பதுதான் நாம் கேட்கவேண்டியது.

இதற்கு விடை காண 1954 ஆம் ஆண்டிலே போல் பிற்ஸ் என்னும் அமெரிக்க உளவியலாளர் செய்த ஓர் ஆய்வு உதவும். கையில் ஒரு கோலைக் கொடுத்து, இரண்டு உலோகத் தகடுகளை மாறிமாறித் தொடச் சொன்னார். தகடுகளுக்கு இடையிலுள்ள தூரத்தையும் தகட்டின் அகலத்தையும் மாற்றி மாற்றி நேரத்தைக் குறித்தார். தூரம் இருமடங்கானபோது நேரம் இருமடங்காகவில்லை. ஒரு குறித்த சிறு அளவே கூடிற்று. தகட்டின் அகலம் பாதியானபோதும் அதே அளவு கூடிற்று. அதாவது, தொலைவிலுள்ள பெரிய இலக்கும் அருகிலுள்ள சிறிய இலக்கும் கைக்கு ஒரே பாரமாய் அமையலாம். 1978 இல் செரொக்ஸ் ஆய்வுகூடத்தார் வெளியிட்ட ஆய்விலே, சுட்டியும் இந்த விதிக்கே அடங்குவது தெரிந்தது.

இதன் பொருளை வாகரைத் தெருவிலே வைத்துப் பாருங்கள். கால் நடையாய்ச் செல்பவனுக்குப் பத்துக் கட்டை ஐந்து கட்டையின் இருமடங்கே, சிறிதும் குறையாது. கைக்கு அவ்வாறன்று. கையின் உலகத்திலே தூரம் மலிவு. இலக்கின் சிறுமைதான் விலை. கண்பார்வை மங்கிய முதியவர் ஒருவர் திரையிலே ஒரு சிறு கட்டத்தைத் தொட முயன்று தவறித் தவறித் துன்புறுவதைக் கண்டிருப்பீர்கள். அவருக்குத் தடையாய் நிற்பது ஆறு சென்ரிமீற்றர்த் தூரம் அன்று. அந்தக் கட்டத்தின் அகலமே. நாள் முழுதும் ஒரே நிலையிலே கையை வைத்திருப்பவரின் மணிக்கட்டு நோவதும் சென்ற தூரத்தினால் அன்று. அசையாமல் தாங்கும் பாரத்தினாலும் ஓயாத சிறு அசைவுகளினாலும் ஆகும்.

இனி அந்தத் தெருவின் அண்மை வரலாறு. 2004 ஆம் ஆண்டு டிசெம்பர் 26 ஆம் நாள் ஆழிப்பேரலை வாகரைக் கரையையும் தாக்கிற்று. உயிரும் வீடும் தோணியும் வலையும் போயின. பெட்டியிலே பேணி வைத்திருந்த பிறப்பு அத்தாட்சிப் பத்திரம், காணி உறுதி, அடையாள அட்டை ஆகியனவும் அவற்றோடு போயின. அதிலிருந்து எழுமுன்னரே, 2006 ஆம் ஆண்டின் பிற்பகுதியிலும் 2007 ஆம் ஆண்டின் தொடக்கத்திலும், போரினால் அம்மக்கள் ஆயிரக்கணக்கில் இடம்பெயர்ந்தனர். குழந்தைகளைச் சுமந்து காட்டுவழியே நடந்தும் நீரைப் படகிலே கடந்தும் தெற்கே வந்தனர். அந்த நடையை எந்தச் சில்லும் எண்ணவில்லை. எந்தப் பாத்திரத்திலும் கல் விழவில்லை. அவர்கள் கடந்த வழியும் நிலப்படத்திலே அதே சில பத்துக் கிலோமீற்றர்தான்.

பின்னர் ஊர் திரும்பியோருக்கு வேறொரு தூரம் எதிர்ப்பட்டது. பத்திரம் இல்லாதவர் தாம் யார் என்பதை நிறுவ வேண்டியிருந்தது. பிள்ளையைப் பள்ளியிலே சேர்க்கவும் நிவாரணம் பெறவும் கடல் விழுங்கிய தாளின் பிரதி வேண்டும். அதற்காக அலுவலகம் அலுவலகமாய் அலைந்தோர் பலர். நடமாடும் சேவைகள் ஊர்களுக்கு வந்தது பெரும் உதவியாயிற்று. அதன் பின்னர், நாட்டின் பிறப்பு, விவாக, இறப்புப் பதிவேடுகளில் ஒரு பகுதி கணினியிலே ஏற்றப்பட்டது. அவ்வாறு ஏறிய பதிவின் பிரதியை, பதிவு செய்த ஊருக்கே போகாமல் வேறோர் பிரதேச செயலகத்திலே பெறும் வழி பிறந்தது. இலிகிதரின் சுட்டி மேசைமீது ஒரு சாண் நகர்கிறது. ஒரு தாய்க்கு ஒரு நாட் கூலியும் பேருந்துக் கட்டணமும் மிஞ்சுகின்றன. சுட்டி சென்ற தூரம் இங்கேதான் கிடக்கிறது. நாடா ஓடிய தூரம் துணியானது போல, சுட்டி ஓடிய தூரம் ஒருவர் நடவாமல் விட்ட வழியாகிறது. அதனை அளக்க வேண்டுமானால் மேசையிலே அளத்தல் பயனற்றது. தெருவிலே அளக்கவேண்டும்.

ஆனால் ஒன்றை மறத்தல் ஆகாது. கணினியிலே எழுதி வைத்ததையே சுட்டி அருகிலே கொண்டுவரும். பதிவே செய்யாத பிறப்பையும், பெயர் பிழையாய் எழுதிய ஏட்டையும், உறுதி இல்லாத காணியையும் எத்தனை ஆயிரம் முறை அசைத்தாலும் அது கொண்டுவராது. அவர்களுக்கு வாகரைத் தெரு முன்போலவே நீண்டு கிடக்கிறது. ஒருகால் முன்னையினும் நீண்டு கிடக்கிறது என்றும் சொல்லலாம். முன்பு எல்லாரும் காத்திருந்த துறையிலே இப்போது சிலர் மட்டும் காத்திருக்கின்றனர். அவர்களைக் கடத்திவிடப் பாதை வருவதில்லை. எங்கல்பார்ட் தம் வாழ்நாளிலே அடிக்கடி வற்புறுத்தியதும் இதற்கு அணுக்கமானதே. தம் குறிக்கோள் சுட்டி அன்று, மக்கள் ஒன்றுகூடித் தம் கடினமான சிக்கல்களைத் தீர்க்கும் ஆற்றலைப் பெருக்குவதே என்றார் அவர். உலகம் சுட்டியை மட்டும் எடுத்துக்கொண்டது.

இன்று கைத்தொலைபேசியின் கண்ணாடிமீது விரலே நகர்கிறது. சுட்டியும் ஒருநாள் சங்கிலியைப் போலவும் மைற்கட்டையைப் போலவும் காட்சிச்சாலைக்குப் போகலாம். ஆயினும் தமிழிலே நாம் அதற்கு இட்ட பெயர் நிலைக்கத் தக்கது. நம் இலக்கணத்தார் அ, இ, உ என்னும் மூன்றையும் சுட்டெழுத்து என்றனர். அ தொலைவிலுள்ளதைச் சுட்டும். இ அருகிலுள்ளதைச் சுட்டும். உ இரண்டுக்கும் இடைப்பட்டதைச் சுட்டும். உது, உவன் என்னும் சொற்கள் யாழ்ப்பாணத்துப் பேச்சிலே இன்றும் உயிரோடு இருக்கின்றன. தொலைவு, அண்மை, இடைமை எனத் தூரத்தை மூன்றே எழுத்தில் அளந்த மொழி இது.

அது என்று சுட்டியதை இது என்று ஆக்கித் தருவதே சுட்டியின் தொழில். வாகரைப் பெண்ணொருத்தியின் பிறப்புப் பதிவு மட்டக்களப்பிலே அதுவாய்க் கிடந்தது. திரையிலே இதுவாய் வந்தது. இன்னும் ஏட்டிலும் ஏறாமல், திரையிலும் வராமல், உதுவாய் நடுவழியிலே நிற்பன பல உள. அந்த மேசையின் முன்னே அமர்ந்திருப்பவர், தம் கை இன்று இருநூறு மீற்றர் சென்றதா முந்நூறு மீற்றர் சென்றதா என்று எண்ண வேண்டியதில்லை. இன்று தம் வாயிலுக்கு வந்தவர்களுள் எத்தனை பேர் மீண்டும் ஒருமுறை அலையாமல் வீடு சென்றார்கள் என்பதை எண்ணினால் போதும். வித்ருவியஸின் பாத்திரத்திலே விழவேண்டிய கல் அதுவே.